லூதரும் துறவி, அவரை விசாரித்தவரும் துறவி: இரப்போர் சபைகளின் 300 ஆண்டுகள்

2025 மே 8 அன்று திருத்தந்தையாகத் (போப்பாக) தேர்ந்தெடுக்கப்பட்ட பதினான்காம் லியோ, அகுஸ்தீனார் சபையைச் சேர்ந்தவர். 2001 முதல் 2013 வரை அந்தச் சபையின் உலகத் தலைவராகவும் இருந்தவர். செய்தியைப் படித்த பலருக்கும் ஒரு குழப்பம் வந்தது. மார்ட்டின் லூதரும் அகுஸ்தீனார் சபைத் துறவிதானே? ரோமை எதிர்த்து சீர்திருத்த இயக்கத்தைத் தொடங்கியவர் இருந்த அதே சபையிலிருந்து ஒரு திருத்தந்தை எப்படி வர முடியும்?

பள்ளிப் பாடத்தில் நாம் படித்த வரலாறு இந்தக் கேள்விக்கு உதவாது. திருச்சபை சீரழிந்து கிடந்தது, துறவிகள் பாவமன்னிப்புச் சீட்டு விற்றார்கள், லூதர் வந்து தட்டிக்கேட்டார் என்று மூன்று வரியில் அது முடிந்துவிடும். இரப்போர் சபைகளைச் சேர்ந்த அந்தத் துறவிகளே ஒரு சீர்திருத்தத்தில் பிறந்தவர்கள் என்பதும், லூதர் எழுப்பிய கேள்விகளில் பலவற்றை மக்கள் மனத்தில் விதைத்தவர்கள் அவர்களே என்பதும் அதில் விடுபட்டுப்போகிறது. அதைப் புரிந்துகொள்ள 1200க்குப் போக வேண்டும்.

மடத்துத் துறவியும் வீதித் துறவியும்

13ஆம் நூற்றாண்டுக்கு முன்பு மேற்கு ஐரோப்பாவில் துறவு என்றால் பெரும்பாலும் மடம்தான். 6ஆம் நூற்றாண்டில் பெனடிக்ட் வகுத்த ஒழுங்கின்படி, ஒரு மடத்தில் சேர்ந்தவர் சாகும்வரை அங்கேயே இருப்பதாக வார்த்தைப்பாடு கொடுத்தார். தனி ஆளுக்குச் சொத்து கிடையாது. ஆனால் மடத்துக்கு உண்டு. நிலம், காடு, மாவு ஆலை, குத்தகைக் குடிகள் என்று பல மடங்கள் பெரிய பண்ணையாராகவே இருந்தன. 910இல் தொடங்கிய குளூனி மடமும், 1098இல் எளிமையைத் தேடிப் பிரிந்து தொடங்கிய சித்தோ மடமும் இந்த வகையைச் சேர்ந்தவைதான்.

இரப்போர் சபைகள் இதிலிருந்து நான்கு விதங்களில் வேறுபட்டன.

1. இடம்: அவர்கள் காட்டையும் பள்ளத்தாக்கையும் தேடவில்லை, நகரத்துக்கு வந்தார்கள். ஒரே வீட்டில் கட்டுப்பட்டும் இருக்கவில்லை. சபை எங்கே அனுப்புகிறதோ அங்கே நடந்தே போனார்கள்.

2. வருமானம்: நிலவாடகை வேண்டாம் என்றார்கள். உழைப்பு, அது போதாவிட்டால் பிச்சை. இரப்போர் சபை என்ற பெயர் இதனால்தான்.

3. வேலை: மடத்துத் துறவியின் முதல் கடமை வேளைதோறும் ஜெபம். இவர்களுக்கு அதோடு மக்களிடம் பிரசங்கம் செய்வதும், பாவசங்கீர்த்தனம் (ஒருவர் தம் பாவங்களைக் குருவிடம் சொல்லி மன்னிப்புப் பெறுவது) கேட்பதும்.

4. நிர்வாகம்: மடம் ஒவ்வொன்றும் தன் தலைவரின் கீழ் பெரும்பாலும் தனித்து இயங்கியது. இரப்போர் சபைக்கோ வீடு, மாநிலம், உலகம் என்று அடுக்கான அமைப்பு இருந்தது. தோமினிக்கன் சபையில் தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதிகள் பொதுப்பேரவையில் கூடிச் சட்டம் இயற்றினார்கள். அந்தக் காலத்து அரசியலோடு ஒப்பிட்டால் இது வியக்கத்தக்க ஏற்பாடு.

பெரிய சபைகள் நான்கு: பிரான்சிஸ்கன், தோமினிக்கன், கார்மேல், அகுஸ்தீனார். இங்கிலாந்து மக்கள் அங்கியின் நிறத்தை வைத்து முதல் மூவரையும் சாம்பல், கருப்பு, வெள்ளை என்று பிரித்து அழைத்தார்கள். லண்டனின் பிளாக்ஃபிரையர்ஸ் பகுதிக்குப் பெயர் வந்தது அப்படித்தான்.

1200 வாக்கில் இருந்த சிக்கல்

நகரங்கள் வளர்ந்துகொண்டிருந்தன. துணி வணிகர், வட்டிக்காரர், நெசவாளர், வழக்கறிஞர் என்று ஒரு புதிய கூட்டம் காசில் புழங்கியது. கிராமத்துக்கு ஏற்றபடி அமைந்த பங்கு முறை (ஒரு கோயில், ஒரு குரு, அதைச் சேர்ந்த ஊர் மக்கள்) இவர்களுக்குப் போதவில்லை. பல பங்குக் குருக்களுக்குச் சடங்குகளை நடத்துமளவுக்கு மேல் படிப்பு இல்லை. மறையுரை ஆற்றுவது ஆயரின் (பிஷப்பின்) வேலை என்றே கருதப்பட்டது.

அந்த வெற்றிடத்தில் பொதுநிலை மக்களே பிரசங்கிக்கத் தொடங்கினார்கள். 1170களில் லியோன் நகரத்து வணிகர் வால்டோ சொத்தைக் கொடுத்துவிட்டு, வேதாகமத்தை மக்கள் மொழியில் பெயர்க்கச் செய்து, வீதியில் பேசினார். அனுமதியின்றிப் பேசக் கூடாது என்று தடுத்தபோது அவரும் அவரைப் பின்பற்றியவர்களும் கேட்கவில்லை. 1184இல் அவர்கள் கண்டிக்கப்பட்டார்கள். பிரான்சின் தெற்கே, திருச்சபை மதவிரோதம் என்று ஒதுக்கிய கத்தார்கள் என்ற இயக்கம் பரவியிருந்தது. அவர்களுடைய போதகர்கள் கடும் எளிமையில் வாழ்ந்தார்கள். அவர்களோடு வாதிட வந்த திருத்தந்தையின் தூதர்களோ குதிரைகளோடும் பரிவாரத்தோடும் வந்தார்கள். யார் பேச்சு எடுபடும் என்று சொல்ல வேண்டியதில்லை. 1209இல் அங்கே சிலுவைப்போரே தொடங்கிவிட்டது.

ஏழையாக வாழ்ந்து பிரசங்கிப்பவர் மதவிரோதியாகத்தான் இருக்க வேண்டுமா, திருச்சபைக்குள்ளேயே அப்படி வாழ முடியாதா? இரப்போர் சபைகள் இதற்குக் கிடைத்த பதில்.

பிரான்சிஸும் தோமினிக்கும்

தமிழ்க் கத்தோலிக்கர் ஐந்து காய பிரான்சிஸ் என்று வணங்கும் அசிசி நகர பிரான்சிஸ் ஒரு துணி வணிகரின் மகன். 1209 வாக்கில் சில தோழர்களோடு ரோமுக்குப் போய், திருத்தந்தை மூன்றாம் இன்னொசென்ட்டிடம் வாய்மொழி அனுமதி பெற்றார். வால்டோவுக்கு மறுக்கப்பட்டது இவருக்குக் கிடைத்தது. பிரான்சிஸ் அதிகாரத்தோடு மோதவில்லை என்பது ஒரு காரணம். முப்பது ஆண்டுகளில் திருச்சபை பாடம் கற்றிருந்தது என்பது அதைவிடப் பெரிய காரணம் என்று நினைக்கிறேன். 1223இல் எழுத்துமூலம் உறுதியான அவரது சபை ஒழுங்கு, நாணயத்தையோ பணத்தையோ நேரடியாகவும் வாங்கக் கூடாது, இன்னொருவர் மூலமும் வாங்கக் கூடாது என்றது. வீடு, இடம், வேறு எந்தப் பொருளும் தமக்கென்று கொள்ளக் கூடாது என்றது. தனி ஆளுக்கு மட்டுமல்ல, சபைக்கும் சேர்த்துத்தான் இந்தத் தடை.

சாமிநாதர் என்று தமிழில் வழங்கும் தோமினிக் வேறு வகை. அவர் ஸ்பெயின் நாட்டுக் குரு. கத்தார் பகுதியில் நடந்ததைக் கண்ணால் பார்த்தவர். சரியாகப் படித்த, எளிமையாக வாழ்கிற பிரசங்கிகள் வேண்டும் என்பது அவர் கண்ட முடிவு. 1216 டிசம்பரில் சபைக்கு ஒப்புதல் கிடைத்தது. அடுத்த ஆண்டே தன்னிடமிருந்த சிலரையும் பிரித்து, பாரிஸ் போன்ற பல்கலைக்கழக நகரங்களுக்கு அனுப்பிவிட்டார். வீடு என்றால் அங்கே ஓர் ஆசிரியர் கட்டாயம் இருக்க வேண்டும் என்று சபைச் சட்டம் சொன்னது. படிப்புக்காக ஜெப நேரத்தில் தளர்வு தரவும் அதில் இடமிருந்தது. வறுமை பிரான்சிஸுக்கு இலக்கு, தோமினிக்குக்குக் கருவி. பின்னால் வந்த பெரும் சண்டைகள் பிரான்சிஸ்கன் சபையில் மட்டும் வெடித்ததற்கு இந்த வேறுபாடே காரணம்.

பெண்களுக்கு இந்தச் சுதந்திரம் கிடைக்கவில்லை. பிரான்சிஸைப் பின்பற்றி வீட்டை விட்டு வந்த அசிசி கிளாராவும் அவரது சகோதரிகளும் வெளியே போக முடியாத மடத்து அடைப்புக்குள்தான் வாழ வேண்டியிருந்தது. சொத்தே இல்லாமல் வாழும் உரிமையைக் கேட்டு அவர் பல திருத்தந்தையரோடு வாழ்நாள் முழுக்கப் போராடினார். அவர் எழுதிய ஒழுங்குக்கு 1253 ஆகஸ்ட் 9 அன்று ஒப்புதல் வந்தது. ஆகஸ்ட் 11 அன்று இறந்தார்.

நகர வாழ்க்கையில் வந்த மாற்றம்

1215இல் கூடிய நான்காம் லாத்தரன் பொதுச்சங்கம் (திருச்சபை ஆயர்களின் மாநாடு), பருவம் வந்த ஒவ்வொரு கிறிஸ்தவரும் ஆண்டுக்கு ஒரு முறையாவது பாவசங்கீர்த்தனம் செய்ய வேண்டும் என்று விதித்தது. சொல்வது எளிது. கேட்பதற்குப் பயிற்சி பெற்ற ஆட்கள் வேண்டுமே? வியாபாரத்தில் எது நியாயமான லாபம், எது வட்டி, கணவனுக்குத் தெரியாமல் மனைவி தர்மம் செய்யலாமா என்று கேள்விகள் வந்தன. இரப்போர் துறவிகள் இதற்கென்றே கையேடுகள் எழுதினார்கள். மனச்சாட்சியைத் துருவிப் பார்க்கும் பழக்கம் சாதாரண மக்களிடம் பரவியதில் இவர்களுக்குப் பெரும் பங்கு உண்டு.

பிரசங்கம் இன்னொரு பெரிய மாற்றம். பிளாரன்ஸுக்குப் போனால் இன்றும் பார்க்கலாம். தோமினிக்கன் கோயிலான சாந்தா மரியா நொவெல்லா ஒரு பக்கம், பிரான்சிஸ்கன் கோயிலான சாந்தா குரோச்சே எதிர்ப் பக்கம், ஆற்றுக்கு அப்பால் அகுஸ்தீனார், கார்மேல் கோயில்கள். பெரும் கூட்டம் நின்று மறையுரை கேட்பதற்கேற்ற விரிந்த கூடங்கள் இவை; முன்னால் திறந்த வெளி. தவக்காலத்தில் நாள்தோறும் பிரசங்கம் நடக்கும். 1427இல் சியெனா நகரச் சதுக்கத்தில் பெர்னார்தீன் என்ற பிரான்சிஸ்கன் பேசிய 45 மறையுரைகள் சொல்லுக்குச் சொல் நமக்குக் கிடைத்திருக்கின்றன. துணி வெட்டும் தொழிலாளி ஒருவர் கூட்டத்தில் இருந்தபடியே மெழுகுப் பலகையில் குறிப்பெடுத்து வைத்ததால்தான் அது முடிந்தது. அந்தத் தொழிலாளியை நினைத்தால் எனக்கு இடைக்காலம் பற்றிய பல பொதுப்பேச்சுகள் பொய்யாகத் தெரிகின்றன. மக்கள் புரியாத லத்தீனைக் கேட்டு மந்தையாக நின்றார்கள் என்ற சித்திரம் அதில் முதலாவது.

திருமணமானவர்களும் தொழில் செய்பவர்களும் வீட்டிலிருந்தபடியே சபை ஒழுங்கைக் கடைப்பிடிக்க மூன்றாம் சபைகள் உருவாயின. பக்திக் கூட்டமைப்புகள், துறவி அங்கியில் அடக்கம் செய்யப்படும் வழக்கம், துறவிகளின் ஜெபத்தில் பங்குகேட்டுக் கொடுக்கும் காணிக்கை எல்லாம் இதைச் சேர்ந்தவை. பல்கலைக்கழகங்களில் அக்குவினாஸ், பொனவெந்தூரா போன்ற இறையியல் அறிஞர்கள் இந்தச் சபைகளிலிருந்தே வந்தார்கள்.

இவர்கள் தமிழ் மண்ணுக்கும் வந்திருக்கிறார்கள். சீனாவுக்குப் போகும் வழியில் மொந்தேகொர்வீனோ ஜான் என்ற பிரான்சிஸ்கன், 1290களின் தொடக்கத்தில், புனித தோமாவின் கோயில் இருக்கும் நாட்டில் 13 மாதங்கள் தங்கியதாக 1305இல் எழுதிய கடிதத்தில் சொல்கிறார். கூட வந்த தோமினிக்கன் துறவி பிஸ்தோயா நிக்கோலாஸ் அங்கேயே இறந்து, அந்தக் கோயிலிலேயே அடக்கம் செய்யப்பட்டார். மயிலாப்பூரைத்தான் ஜான் குறிப்பிடுகிறார் என்பது வரலாற்றாசிரியர்களின் பொதுவான கருத்து.

இருண்ட பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். 1230களில் மதவிரோத விசாரணையை (இன்குவிசிஷன்) திருத்தந்தை ஒன்பதாம் கிரகோரி அமைத்தபோது அதை நடத்த தோமினிக்கன்களையும், பின்னர் பிரான்சிஸ்கன்களையும்தான் நியமித்தார். யூதர்களுக்கு எதிரான வெறுப்பைப் பிரசங்க மேடையில் வளர்த்ததிலும் இவர்களுக்குப் பங்கு உண்டு. மேலே சொன்ன பெர்னார்தீனும் அதற்கு விலக்கல்ல. பேச்சின் வலிமையால் எழுந்த சபைகள் அந்த வலிமையை இப்படியும் பயன்படுத்தின.

பங்குக் குருக்களோடு தகராறு

ஊர் மக்கள் துறவியிடம் பாவசங்கீர்த்தனம் செய்து, துறவியர் கோயிலில் அடக்கமானால், காணிக்கையும் அங்கேதான் போகும். பங்குக் குரு கோபப்படாமல் என்ன செய்வார்? 1300இல் திருத்தந்தை எட்டாம் பொனிபாஸ் ஒரு சமரசம் செய்தார். ஆயர் அனுமதித்த துறவிகள் மட்டும் பாவசங்கீர்த்தனம் கேட்கலாம். அடக்க வருமானத்தில் நான்கில் ஒரு பங்கைப் பங்குக் குருவுக்குத் தர வேண்டும். தோமினிக்கன் சபையிலிருந்து வந்த பதினோராம் பெனடிக்ட் 1304இல் இதை நீக்கினார். வியன் பொதுச்சங்கம் சில ஆண்டுகளில் திரும்பக் கொண்டுவந்தது. ஆனாலும் பகை ஓயவில்லை. 1357இல் அயர்லாந்தின் அர்மா பேராயர் ரிச்சர்டு பிட்ஸ்ரால்ஃப், அப்போது திருத்தந்தையர் தங்கியிருந்த அவிஞ்ஞோன் வரை போய்த் துறவிகளுக்கு எதிராக வாதாடினார்.

இலக்கியத்தில் வரும் பேராசை பிடித்த துறவியின் சித்திரம் இந்தத் தகராறின் சூட்டில் உருவானது. அதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் அதைச் சாட்சியாக வைக்கும்போது, எதிர்த்தரப்பு வழக்கறிஞரின் வாதம் அது என்பதை மறக்கக் கூடாது.

எதுவும் சொந்தமில்லை என்றால் கோயில் யாருடையது?

துறவு வரலாற்றிலேயே மிகக் கூர்மையான சட்டச் சண்டை இது. படிப்படியாகப் பார்த்தால்தான் புரியும்.

1. பிரான்சிஸ் 1226இல் இறக்கும்முன் விட்டுச்சென்ற சாசனத்தில், ஒழுங்குக்கு விளக்கவுரை எழுதாதீர்கள், ரோமிடம் சலுகைக் கடிதம் கேட்காதீர்கள் என்றார். சபையோ ஆயிரக்கணக்கில் பெருகிவிட்டது. பள்ளி, நூலகம், கோயில் எல்லாம் வேண்டும். 1230இல் ஒன்பதாம் கிரகோரி, அந்தச் சாசனம் சபையைக் கட்டுப்படுத்தாது என்று ஆணையிட்டார்.

2. பிறகு ஒரு வழி கண்டார்கள். பொருளின் உடைமை வேறு, அதைப் பயன்படுத்துவது வேறு. துறவிகள் பயன்படுத்துவார்கள், உடைமை ரோமுக்கு. அறக்கட்டளை பெயரில் உள்ள வீட்டில் குடியிருப்பதைப் போல. 1279இல் மூன்றாம் நிக்கோலாஸ் இதை முழுச் சட்டமாக்கினார். கிறிஸ்துவும் அப்போஸ்தலரும் இப்படியே வாழ்ந்தார்கள் என்ற கருத்துக்கும் அது ஆதரவளித்தது.

3. இதில் சபைக்குள்ளேயே ஒரு கூட்டம் திருப்தியடையவில்லை. உடைமை யாருடையதாக இருந்தால் என்ன, நல்ல அங்கியும் நிறைந்த களஞ்சியமும் வைத்துக்கொண்டு ஏழை என்று சொல்லலாமா என்று கேட்டார்கள். ஆன்மிகர் என்று பெயர்பெற்ற இவர்களைக் கீழ்ப்படியுமாறு 1317இல் இருபத்திரண்டாம் ஜான் கட்டளையிட்டார். மறுத்தவர்களில் நால்வர் 1318 மே 7 அன்று மார்செய் நகரில் எரிக்கப்பட்டார்கள். சபை நிறுவனரின் சொல்லை எழுத்துக்கு எழுத்து கடைப்பிடிக்க விரும்பியதன் முடிவு அது. எத்தனை முறை படித்தாலும் மனம் ஆறாத நிகழ்ச்சி.

4. ஜான் அதோடு நிற்கவில்லை. தின்று தீரும் ரொட்டியில் உடைமையையும் பயன்பாட்டையும் எப்படிப் பிரிப்பீர்கள் என்று கேட்டு, 1322இல் உடைமையைத் துறவிகளிடமே திருப்பிவிட்டார். 1323 நவம்பரில், கிறிஸ்துவும் அப்போஸ்தலரும் எதையும் உடைமையாகக் கொள்ளவில்லை என்று பிடிவாதமாகச் சொல்வது மதவிரோதம் என்று அறிவித்தார். சபையின் உலகத் தலைவர் செசேனா மிக்கேலும், தத்துவ அறிஞர் ஓக்கம் வில்லியமும் 1328 மே மாதம் அவிஞ்ஞோனிலிருந்து இரவில் தப்பி, திருத்தந்தையோடு மோதிக்கொண்டிருந்த ஜெர்மன் மன்னர் பவேரியா லூயியிடம் அடைக்கலமானார்கள்.

விளைவு பெரியது. ஒரு திருத்தந்தை சொன்னதை இன்னொருவர் மறுத்துவிட்டார். திருத்தந்தையே தவறலாம், தவறினால் மதவிரோதியாகவும் ஆகலாம் என்று படித்த துறவிகள் பக்கம் பக்கமாக எழுதினார்கள். லூதருக்கு ஏறத்தாழ 200 ஆண்டுகளுக்கு முன்பே இந்த வாதம் எழுத்தில் வந்துவிட்டது.

மறுபடியும் சீர்திருத்தம்

1348இன் கொள்ளைநோய் மடங்களைக் காலியாக்கியது. இடத்தை நிரப்ப ஒழுங்கு தளர்ந்தது. அதற்கு எதிராக 1368இல் இத்தாலியின் புரோல்யானோ என்ற ஒதுக்குப்புறத்தில் தொடங்கிய எளிமை இயக்கம், ஒழுங்கைக் கண்டிப்பாகக் கடைப்பிடிப்போர் என்ற பிரிவாக வளர்ந்தது. இதேபோன்ற பிரிவுகள் மற்ற சபைகளிலும் எழுந்தன. 15ஆம் நூற்றாண்டில் மிகச் செல்வாக்கான பிரசங்கிகள் பலர் இவர்களில்தான் இருந்தார்கள். 1462இல் பெருஜாவில் ஏழைகளுக்கான அடகுக்கடை தொடங்கப்பட்டதும் பிரான்சிஸ்கன் பிரசங்கத்தின் பலன்தான். யூத வட்டிக்காரர்களுக்கு எதிரான பேச்சும் அதோடு கலந்தே வந்தது.

பிரான்சிஸ்கன்களில் கண்டிப்பான பிரிவுக்கும் தளர்வான பிரிவுக்கும் ஒத்துவராமல் போக, பத்தாம் லியோ அவர்களை இரு தனிச் சபைகளாகப் பிரித்தார். ஆணை வெளியான நாள் 1517 மே 29. அதே ஆண்டு அக்டோபர் 31 அன்றுதான் லூதரின் 95 கருத்துகள் வெளிவந்தன.

1517: யார் எந்தப் பக்கம்?

லூதர் 1505 ஜூலையில் எர்ஃபுர்ட்டில் சேர்ந்தது அகுஸ்தீனார் சபையின் கண்டிப்பான பிரிவில். விட்டன்பர்க் பல்கலைக்கழகத்தில் அவர் வகித்த வேதாகமப் பேராசிரியர் பதவி, அவருக்கு முன் அவருடைய சபைத் தலைவர் ஸ்டாபிட்ஸ் வகித்தது. லூதரைத் தின்ற கேள்வி, நான் கடவுளுக்கு ஏற்றவன்தானா, என் பாவசங்கீர்த்தனம் முழுமையானதா என்பது. அக்கறையில்லாத மதத்தில் இப்படி ஒரு கேள்வி பிறக்காது. மூன்று நூற்றாண்டுகளாகத் துறவிகள் கற்றுக்கொடுத்த மனச்சாட்சிப் பரிசோதனை அதன் எல்லைக்குப் போய் நின்ற இடம் அது.

அவர் எதிர்த்த பாவமன்னிப்புச் சீட்டு விற்பனையைப் பிரசங்கித்த டெட்செல் ஒரு தோமினிக்கன். 1518 அக்டோபரில் ஆக்ஸ்பர்க்கில் லூதரை விசாரித்த கர்தினால் கயெத்தானும் தோமினிக்கன். அந்தச் சபையின் உலகத் தலைவராக இருந்தவர். அதே ஆண்டு ஏப்ரலில் ஹைடல்பர்க்கில் அகுஸ்தீனார் பேரவையில் லூதர் வாதிட்டதைக் கேட்டு மனம் மாறிய மார்ட்டின் பூட்சரும் ஒரு தோமினிக்கன்தான். பின்னாளில் ஸ்ட்ராஸ்பர்க்கின் சீர்திருத்தத் தலைவரானார். பிரான்சிஸ்கன்களில் மிக்கோனியஸ் லூதர் பக்கம் வந்தார். தாமஸ் முர்னர் லூதரைக் கடுமையாகத் தாக்கி எழுதினார். 1523 ஜூலை 1 அன்று பிரஸ்ஸல்ஸில் லூதரின் போதனைக்காக முதன்முதலில் எரிக்கப்பட்ட இருவரும் ஆண்ட்வெர்ப் அகுஸ்தீனார் துறவிகள்.

இரு பக்கமும் துறவிகள் முன்னணியில் இருந்ததற்குக் காரணம் தெளிவு. பல்கலைக்கழகப் படிப்பு, மக்கள் மொழியில் பேசும் பயிற்சி, நகரத்தில் ஆயத்தமாக ஒரு பிரசங்க மேடை, ஊர் ஊராக ஆட்களைத் தெரிந்த வலைப்பின்னல் எல்லாம் அவர்களிடம் இருந்தன. அதனால் அகுஸ்தீனார் சபை லூதரோடு அழிந்துவிடவில்லை. ஜெர்மனியில் பல வீடுகளை இழந்தது. இத்தாலியிலும் ஸ்பெயினிலும் தொடர்ந்தது. அந்தத் தொடர்ச்சியில் வருபவர்தான் இன்றைய திருத்தந்தை.

இங்கிலாந்தில் நடந்தது வேறு விதம். எட்டாம் ஹென்றியின் மணவிலக்கை எதிர்த்த கண்டிப்பான பிரான்சிஸ்கன்கள் 1534இலேயே ஒடுக்கப்பட்டார்கள். மிச்சமிருந்த துறவியர் இல்லங்களை 1538இல் மூட ஊர் ஊராகப் போன ரிச்சர்டு இங்க்வொர்த், தோமினிக்கன் சபையில் ஓர் இல்லத்தின் தலைவராக இருந்தவர். இங்கிலாந்தில் ஏறத்தாழ 180 இல்லங்கள் இருந்தன. பல இடங்களில் கைப்பற்றுவதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. ஈயக் கூரை, மணி, சில பாத்திரங்கள், கடன். நிலமுள்ள மடத்துத் துறவிகளுக்கு அரசு ஓய்வூதியம் தந்தது. இவர்களில் பெரும்பாலோருக்கு அதுவும் இல்லை. அங்கியைக் கழற்றிவிட்டு, பங்குகளில் குருவாக வேலை தேடிக்கொள்ளலாம் என்ற அனுமதிக் கடிதம் மட்டும் கிடைத்தது.